பழைய சீனப் படங்களில் மரபும் நவீனமும்: கேட்டதும் சொன்னதும்

கேள்வி: சீனாவின் முதல் படம் எது?

1905இல் பெய்ஜிங்கில் ஒரு போட்டோ ஸ்டுடியோ எடுத்த 'திங்ஜுன் மலை' என்பார்கள். வெளிநாட்டுக் கருவி கைக்கு வந்ததும் எதைப் படம் பிடித்தார்கள் பாருங்கள், பாட்டும் கூத்துமான சீன மேடை நாடகமாகிய ஓபராவில் டான் சின்பெய் என்ற நடிகர் ஆடிய காட்சிகளை! அந்தப் படம் இப்போது இல்லை. முழுதாகக் கிடைப்பதில் மூத்தது 1922இல் வந்த 'தொழிலாளியின் காதல்'.

கேள்வி: அதைப் பார்த்தேன். வெறும் சிரிப்புப் படம்தானே? இதில் மரபு எங்கே, நவீனம் எங்கே?

சிரிப்புப் படம்தான், சரி. ஆனால் கதையைக் கவனியுங்கள். தச்சுவேலை தெரிந்த பழக்கடைக்காரனுக்கு வைத்தியர் மகள்மேல் ஆசை. வைத்தியரோ ஈ ஓட்டிக்கொண்டிருக்கிறார். "நோயாளிகளைக் கொண்டு வா, பெண்ணைத் தருகிறேன்" என்கிறார். பையன் இரவு கிளப்பின் மாடிப்படியைச் சறுக்குப் பலகையாக மாற்றிவிடுகிறான். கூத்தடித்துவிட்டு இறங்குகிற ஷாங்காய்க்காரர்கள் எலும்பு முறிந்து நாட்டு வைத்தியரிடம் வந்து சேர்கிறார்கள். பையன் பெண்ணைக் கூட்டிக்கொண்டு ஓடவில்லை, அப்பாவின் சம்மதத்தைச் சம்பாதிக்கிறான். வைத்தியராக நடித்தவர் ஜெங் ஜெங்சியு. 1913இல் பெரியவர்கள் நிச்சயிக்கும் கல்யாணத்தைக் கிண்டலடித்துப் படம் எடுத்தவரும் இவரே!

கேள்வி: பெண் வேடத்திலும் ஆண்கள்தான் நடித்தார்களாமே?

ஆரம்பத்தில் பெரும்பாலும் ஆமாம். 1913இல் ஹாங்காங்கில் எடுத்த ஒரு படத்தில் லி மின்வெய் என்ற ஆண் நடிகரே மனைவி வேடம் கட்டினார். அவருடைய நிஜ மனைவிக்குக் கிடைத்தது வேலைக்காரி வேடம்!

கேள்வி: நடிகை ருவான் லிங்யூவை ஏன் இத்தனை பேசுகிறார்கள்?

1934இல் வந்த 'தேவதை' பாருங்கள். மகனைப் படிக்கவைக்க உடலை விற்கும் தாய் அவர். மௌனப் படம், குரலே கிடையாது, எல்லாம் முகம்தான். பள்ளியின் மற்றப் பெற்றோர் பேசும் மானமரியாதைதான் அந்தப் பையனை வெளியே தள்ளுகிறது. அடுத்த ஆண்டு வந்த 'புதுப் பெண்க'ளில் அவர் எழுத்தாளர். பத்திரிகை வம்பு அந்தப் பெண்ணைச் சாகடிக்கிறது. படம் வந்த சில வாரங்களில், 1935 மார்ச் 8 அன்று, ருவானே உயிரை மாய்த்துக்கொண்டார். வயது 24. அவருடைய சொந்த வாழ்க்கையும் அப்போது பத்திரிகைகளில் நாறிக்கொண்டிருந்தது. புதுப் பெண்ணைத் திரையில் காசு கொடுத்துப் பார்த்த அதே ஷாங்காய், தெருவில் அவளைப் பழைய தராசில்தான் நிறுத்தது.

கேள்வி: ஒரே ஒரு படம் பார்க்க நேரம் இருக்கிறது. எது?

ஃபெய் மு இயக்கிய 'சிற்றூரில் வசந்தம்', 1948. இடிந்த வீடு, நோயாளிக் கணவன், தினமும் ஊர் மதில்மேல் நடந்துவிட்டு வரும் மனைவி. அப்புறம் வருகிறார் மேல்நாட்டு மருத்துவம் படித்த பழைய காதலர். யாரும் கத்துவதில்லை. இரவில் பாருங்கள், போனைத் தள்ளி வைத்துவிட்டு.