சோ பிம் சாவு: தேதிகள் ஏன் இடிக்கின்றன?

கெமர் ரூஜ் (பொல் பொட்டின் கம்யூனிஸ்ட்) ஆட்சியில் கம்போடியாவின் கிழக்கு மண்டலத் தலைவராக இருந்த சோ பிம்மை 1978-இல் தென்மேற்கு மண்டலத் தலைவர் தா மோக் கொன்றதாக உங்கள் வரைவில் எழுதியிருக்கிறீர்கள். தேதிகள் இடிக்கின்றன என்கிறீர்கள். இடிக்கத்தான் செய்யும். சோ பிம் சுற்றிவளைக்கப்பட்டு, ஜூன் தொடக்கத்தில் தன்னையே சுட்டுக்கொண்டார். அதற்கு முன், மே மாதம், கிழக்கு அதிகாரிகளைக் கூட்டத்துக்கு அழைத்துப் பிடித்துவைத்தவர் மத்திய மண்டலத்தின் கே பௌக். தா மோக்கின் தென்மேற்குப் படையும் கிழக்கு மண்டலத்தைக் களையெடுத்த அந்த அழிப்பில் இருந்தது. குழப்பம் அங்கிருந்துதான் வருகிறது.

அந்த ஆட்சியின் ஆவணங்களில் மண்டலங்களுக்குப் பெயருக்குப் பதில் எண்தான்: 203 கிழக்கு, 405 தென்மேற்கு. ஆனால் 89 என்று வந்தால் அது மண்டலமல்ல, பாதுகாப்பு அமைச்சர் சோன் சென்னைக் குறிக்கும் எண்!

எஸ்-21 (அந்த ஆட்சியின் சித்திரவதைச் சிறை) வாக்குமூலங்களில் வரும் சதிகளை அப்படியே எடுக்காதீர்கள், அடித்து எழுதவைத்தவை. சிறைப் பதிவேட்டுத் தேதிகளை வேண்டுமானால் எடுக்கலாம். தா மோக் 2006-இல் விசாரணைக்கு முன்பே இறந்துவிட்டார். அவர் ‘தண்டிக்கப்பட்டார்’ என்று நீங்கள் எழுதிய வரியையும் நீக்கிவிடுங்கள்.