விழத் தெரியுமா?

கேள்வி: பத்து வருஷமாகக் கராத்தே, பிளாக் பெல்ட். ஜாக்கி சான் மாதிரி சினிமா ஃபைட்டர் ஆக ஆசை. எப்போது சென்னைக்கு ரயில் ஏறலாம்? (காட்பாடி வாசகர்)

பதில்: காட்பாடியில் ரயிலுக்கா பஞ்சம்? முதலில் விழப் பழகுங்கள். ஜாக்கி 1961-ல், ஏழு வயதில், ஹாங்காங்கில் பீக்கிங் ஓப்பரா (பாட்டும் நடிப்பும் கரணமும் கலந்த சீன நாடகம்) பள்ளியில் சேர்ந்து பத்து வருஷம் கரணம் போட்டவர். 1972-ல் வந்த 'ஃபிஸ்ட் ஆஃப் ஃப்யூரி'யில் புரூஸ் லீயிடம் கடைசி உதை வாங்கிப் பறக்கிற வில்லனுக்கு டூப் போட்டது அவர்தான்.

கராத்தேக்காரர்கள் கேமரா முன் சொதப்புவது குத்தில். குத்திய கையை வெடுக்கென்று இழுத்துக்கொள்வீர்கள். சினிமாவில் வினாடிக்கு 24 ஃபிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள்; அதில் அது மூன்று, நான்கு ஃபிரேம்தான், கண்ணிலேயே படாது. சினிமாக் குத்து தோளிலிருந்து அகலமாகக் கிளம்பி, முகத்தைத் தாண்டிப் போகவேண்டும். நடுவில் ஒரு சாண் இடைவெளி. கேமரா அடி வாங்குபவரின் தோளுக்குப் பின்னால் இருந்தால் அந்தச் சாண் தெரியாது; பக்கவாட்டில் வைத்தால் குட்டு உடைந்துவிடும். முஷ்டி மூக்கைக் கடக்கும் அதே கணத்தில் தலை திரும்பவேண்டும். கொஞ்சம் முந்தினாலும் தியேட்டரில் சிரிப்பார்கள்.

விழுந்து பழகப் பாலாறு இருக்கிறதே! வெயில் ஏறுமுன் போங்கள். மண்வெட்டியால் ஓரடி ஆழம் கொத்திப் புரட்டி, கல், பாட்டில் சில்லைப் பொறுக்கிவிடுங்கள். ஈரமணல் இறுகிக் கிடக்கும், வேண்டாம். முகவாயை நெஞ்சோடு ஒட்டிக்கொண்டு, வலது தோளில் தொடங்கி இடது இடுப்பில் முடிகிற மாதிரி குறுக்காக உருளவேண்டும். நேராக உருண்டால் முதுகெலும்பு ஒவ்வொன்றாகத் தரையில் இடிக்கும். பயத்தில் கையை ஊன்றினால் மணிக்கட்டோ காரை எலும்போ போகும்.

பிறகு சென்னையில் ஸ்டன்ட் கலைஞர்கள் யூனியனின் உறுப்பினர் கார்டு வாங்கவேண்டும். விதிகளை யூனியனிலேயே நேரில் கேளுங்கள். காசு கொடுத்தால் கார்டு வாங்கித் தருகிறேன் என்பவரிடம் ஏமாறாதீர்கள்.

கேள்வி: மாடியிலிருந்து விழுகிறார்களே, கீழே என்ன இருக்கும்? (ராணிப்பேட்டை வாசகர்)

பதில்: இப்போது காற்றுப் பைகள் உண்டு. பழைய வழி, காலி அட்டைப்பெட்டி. நசுங்கும்போது காற்று வெளியேற மூலைகளை வெட்டி, அடுக்கடுக்காக வைத்து, சிதறாமல் சுற்றிலும் கயிறு கட்டி, மேலே மெத்தை போடுவார்கள். விழுபவர் முதுகு தட்டையாக இறங்கவேண்டும். கால் முதலில் போனால் பெட்டி இடுக்கில் சொருகி முட்டி திருகிக்கொள்ளும்.

உயரம் குறைவுதானே என்று இந்தப் பெட்டி, மெத்தையைத் தவிர்க்கிறவர்களும் உண்டு. ஜாக்கிக்கு மண்டையோடு உடைந்தது 'ஆர்மர் ஆஃப் காட்' படத்துக்காக யூகோஸ்லாவியாவில் ஒரு மரக்கிளைக்குத் தாவியபோது. கிளை முறிந்து, கீழே கல்லில் தலை மோதியது. முதல் டேக் சரியாகவே வந்திருந்தது. இன்னொன்று எடுக்கலாம் என்று மறுபடி தாவியவர் அவர்தான்.