8 ஜிபி லேப்டாப்பில் சிசிஎன்ஏ லேப்: எதைப் போடலாம்?

ஏற்காட்டில் இருக்கிறேன், 8 ஜிபி ரேம், பழைய ஐ3, பேட்டரி நிற்காது, சிஸ்கோவின் நெட்வொர்க்கிங் சான்றிதழான சிசிஎன்ஏ படிக்க, லேப் மென்பொருளில் ஜிஎன்எஸ்3 போடவா ஈவ்-என்ஜி போடவா என்று கேட்டிருக்கிறீர்கள். இப்போதைக்கு இரண்டும் வேண்டாம், சிஸ்கோவின் சிமுலேட்டரான பேக்கெட் ட்ரேசர் போடுங்கள். சிஸ்கோ நெட்வொர்க்கிங் அகாடமியில் கணக்குத் தொடங்கினால் இலவசம். அதில் ஓடுவது சிஸ்கோ சாதனங்களின் இயங்குதளமான நிஜ ஐஓஎஸ் இல்லை, சில கட்டளைகள் கிடைக்காதுதான், ஆனால் விலான், ஓஎஸ்பிஎஃப், ஏசிஎல், நாட் என்று சிசிஎன்ஏ பாடங்களைத் தாராளமாகப் பழகலாம். சிமுலேஷன் மோடில் ஒரு பிங் விட்டுப் பாருங்கள். முதலில் மேக் முகவரியைக் கேட்கும் ஏஆர்பி கிளம்புவதும், சுவிட்ச் அதை வந்த போர்ட் தவிர மற்றதிலெல்லாம் அனுப்புவதும், பதில் வந்த பிறகே பிங்கின் ஐசிஎம்பி பாக்கெட் நகர்வதும் கண்ணுக்கு முன்னாலேயே நடக்கும்.

ஜிஎன்எஸ்3க்கு ஐஓஎஸ் இமேஜை நீங்கள்தான் தேட வேண்டும், கண்ட தளத்தில் இறக்கினால் வம்பு. அப்புறம் அதில் ரவுட்டரை ஓட்டும் டைனமிப்ஸில், ரவுட்டர் சும்மா இருப்பதைக் கண்டுகொள்ள உதவும் ஐடில்-பிசி மதிப்பு சரியாக அமையாவிட்டால் ஒரே ரவுட்டர் சிபியுவின் ஒரு கோரை முழுசாகத் தின்றுவிடும். ஈவ்-என்ஜி விர்ச்சுவல் மெஷினுக்குள் விர்ச்சுவல் மெஷின், விண்டோஸ் எடுத்தது போக உங்களிடம் மிஞ்சும் ரேம் அதற்குக் காணாது.

மழைக்குக் கரன்ட் போகிற ஊர், அதனால் ரவுட்டரில் காப்பி ரன் ஸ்டார்ட் என்ற சேமிப்புக் கட்டளையை அடித்ததோடு விடாமல் பேக்கெட் ட்ரேசரின் பிகேடி ஃபைலையும் சேமியுங்கள்.

நிஜ ஐஓஎஸ்தான் வேண்டுமென்றால் சிஸ்கோவின் லேப் மென்பொருளான சிஎம்எல்லின் இலவசப் பதிப்பு 5 நோட் (ரவுட்டர், சுவிட்ச் போன்ற சாதனம்) வரை தருகிறது, இமேஜும் அதனுடனேயே கிடைக்கும். அதற்கு 16 ஜிபி இருந்தால் நல்லது. சேலம் இறங்கும்போது ஐந்து ரோடு பக்கம் ஏதாவது கடையில் ரேம் ஸ்லாட் காலியாக இருக்கிறதா என்று திறந்து பார்க்கச் சொல்லுங்கள்.