பிரெஞ்சு சுயாதீனப் படங்களில் குணச்சித்திர நடிகராக இருந்து பிழைக்க முடியுமா?

நாடகம் படித்துவிட்டு, "இது சோறு போடுமா?" என்று வீட்டில் நச்சரிக்க, இங்கே வந்து கேட்கிறீர்கள் என்று நினைக்கிறேன். போடும். ஆனால் படத்தை மட்டும் நம்பினால் போடாது.

பிரெஞ்சு நடிகர் தெனி லவானை எடுங்கள். இயக்குநர் லியோஸ் கராக்ஸின் முதல் மூன்று படங்களிலும் (1984, 1986, 1991) இவர்தான் நாயகன். "பிறகென்ன குணச்சித்திர நடிகர்?" என்று சண்டைக்கு வருவீர்கள், தெரியும். அந்தக் கரடுமுரடான முகத்துக்கு வேறு எத்தனை பேர் நாயகன் வேஷம் கொடுத்தார்கள்? 1999இல் இயக்குநர் கிளேர் தெனி எடுத்த 'போ த்ரவாய்' படத்தில் இவர் வரும் கடைசிக் காட்சியைப் பாருங்கள். முன்னாள் ராணுவக்காரன். கட்டில் விரிப்பைச் சுருக்கமில்லாமல் இழுத்துவிட்டு, கைத்துப்பாக்கியோடு சாய்கிறான். புயத்தில் ஒரு நரம்பு துடிக்கிறது. அடுத்து, டிஸ்கோவில் தனியாக வெறிபிடித்து ஆடுகிறான். அப்படி நடித்த மனிதரே பிறகு பெரும்பாலும் மேடையிலும் சின்னச் சின்ன வேஷங்களிலும்தான் ஓடினார். 2012இல் கராக்ஸின் 'ஹோலி மோட்டார்ஸ்' படம் வந்த பிறகுதான் மறுபடி ஊர் பேசியது.

நான் நடிகன் இல்லை, அதை முதலே சொல்லிவிடுகிறேன். பாரிசில் உணவகமொன்றில் கோப்பை கழுவிய காலத்தில், அங்கே பரிமாறியவர் நடிகர். பொலிஸ்காரன், மருந்துக்கடைக்காரன், பிணம் எல்லாம் செய்தவர். ஓய்வு நேரத்தில் பின்கதவடியில் நின்று ஒரு கொப்பியைப் புரட்டிக்கொண்டிருப்பார். வசனம் பாடமாக்குகிறார் என்று எட்டிப் பார்த்தால், முழுக்கக் கணக்கு! 12 மாதத்துக்குள் 507 மணித்தியாலம் காட்டினால்தான் கலைஞர்களுக்கான வேலையில்லாக் கொடுப்பனவு. ஒரு கஷே, அதாவது ஒரு நடிப்புக்கூலி, 12 மணித்தியாலமாகக் கணக்காகும். ஆக 43 கஷே வேண்டும். எங்களோடு தட்டுத் தூக்கிய நேரம் ஒரு நிமிடமும் அதில் சேராது. அந்த வருடம் மனுசனுக்குக் கொஞ்சம் இடித்தது. படம் ஒன்றும் வரவில்லை. நூலகமொன்றில் பிள்ளைகளுக்குக் கதை வாசித்து நடித்துக்காட்டப் போனார். ஓநாய்க்கு ஒரு குரல், பாட்டிக்கு ஒரு குரல் என்று கோப்பை கழுவும் தொட்டியடியில் எங்களுக்கே ஒத்திகை. தொகை சின்னது, ஆனால் ஒழுங்கான ஒப்பந்தம், ஒழுங்கான சம்பளத் துண்டு. கணக்கு நிரம்பியது.

"அரசாங்கக் காசில் சோம்பேறிகள் வாழ்கிறார்கள்" என்று எழுத வருபவர்கள் அந்தக் கொப்பியை ஒருதரம் பார்த்திருக்க வேண்டும்.

நடிப்புக்குக் கூலி என்று இங்கேயுள்ள எங்கட தமிழ் ஆக்களிடம் கேட்டுப் பாருங்கள். மண்டபத்துக்குக் காசு, ஒலிபெருக்கிக்குக் காசு, ஊரிலிருந்து வரும் பாடகருக்கு விமானச்சீட்டு. இரண்டு மாதம் ஒத்திகை பார்த்து நாடகம் போடும் பிள்ளைக்கு மட்டும் பொன்னாடை. நாடகம் நடிக்கும் என் மருமகளிடம் இருக்கும் பொன்னாடைகளை அடுக்க அலுமாரி போதாது. போன கிழமையும் ஒரு விழாக் குழு கூப்பிட்டது. எவ்வளவு தருவீர்கள் என்று கேட்டாள். "யோசித்துச் சொல்கிறோம் தங்கச்சி" என்றார்கள். இன்னும் யோசிக்கிறார்கள்.