இந்த நூல் யாருக்குப் பதில் சொல்கிறது? தத்துவ வாசிப்பு: கேள்வி பதில்

சிந்தனை வரலாறு, கலை, கீழை மேலைத் தத்துவ நூல்கள் பற்றி வந்த கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன். இருபது வருடங்களுக்கும் மேலாக ஒரு வாசிப்புக் குழுவில் இந்த நூல்களைச் சேர்ந்து படித்துவருகிறேன். அந்தப் பழக்கத்திலிருந்துதான் சொல்கிறேன்.

கேள்வி: வணக்கம் அம்மா. தத்துவத்தில் எனக்குப் பின்னணி எதுவும் கிடையாது. ஒரு வரலாற்று நூலை முதலில் முடித்துவிட்டு மூலநூல்களுக்குப் போகலாமா?

பதில்: வேண்டாம். வரலாற்று நூல் பக்கத்தில் இருக்கட்டும், சந்தேகம் வரும்போது புரட்டிக்கொள்ளுங்கள். அதை முதல் பக்கத்திலிருந்து படித்தால் பண்டைக் கிரேக்கத்தில் உலகின் மூலப்பொருளைத் தேலீஸ் நீர் என்றார், ஹெராக்ளிட்டஸ் நெருப்பு என்றார் என்று பெயர்கள்தான் தங்கும். ஏன் அப்படிச் சொன்னார்கள் என்பது தங்காது.

நேராகப் பிளேட்டோவின் 'அப்பாலஜி'யை எடுங்கள், சாக்ரடீஸ் தன் தரப்பைச் சொல்லும் உரை அது. ஒரு மாலையில் படித்துவிடலாம். கி.மு. 399இல், எழுபது வயது சாக்ரடீஸ் ஏதென்ஸ் நீதிமன்றத்தில் நிற்கிறார். குற்றவாளி என்று தீர்ப்பான பிறகு, மரண தண்டனைக்கு மாற்றாக என்ன தண்டனை தரலாம் என்று அவரையே சொல்லச் சொல்கிறார்கள். நகரத்தின் செலவில் எனக்குச் சாப்பாடு போடுங்கள், எனக்குத் தகுந்தது அதுதான் என்கிறார். அந்த இடத்தில் புத்தகத்தை மூடிவைத்துவிட்டு யோசித்துப் பாருங்கள், இது திமிரா, நேர்மையா? எங்கள் குழுவில் இன்றைக்கும் இதில் ஒத்துப்போகாதவர்கள் இருக்கிறார்கள்.

கூடவே பாலி மொழியில் உள்ள பௌத்த நூல் 'மிலிந்த பன்ஹா'. நாகசேனர் என்பது வெறும் பெயர்தான், உள்ளே ஆள் என்று ஒருவர் இல்லை என்கிறார் பிக்கு நாகசேனர். மன்னன் மிலிந்தன் மடக்கப் பார்க்கிறான். "எதில் வந்தீர்கள்?" என்று திருப்பிக் கேட்கிறார் அவர். தேரில். அச்சு தேரா? சக்கரம் தேரா? நுகம் தேரா? எல்லாவற்றுக்கும் இல்லை என்றே சொல்லவேண்டி வருகிறது மன்னனுக்கு. முன்னறிவு எதுவும் இல்லாமல் இதைப் பின்தொடரலாம்.

கேள்வி: கான்ட்டின் 'தூய அறிவின் விமர்சன'த்தை மூன்று முறை தொடங்கி, மூன்று முறையும் முன்னுரையோடு நிறுத்திவிட்டேன். எனக்கு அறிவு போதவில்லையா மேடம்?

பதில்: அப்படி நினைக்கவே நினைக்காதீர்கள். ஒரு வாக்குவாதத்தின் பாதியில் போய் நின்றால் யாருக்குமே ஒன்றும் புரியாது. ஜெர்மன் தத்துவவாதி கான்ட் யாருக்குப் பதில் சொல்கிறார் என்று தெரிந்துகொண்டு போனால், அந்த நூல் வேறு மாதிரி இருக்கும்.

எதிரில் இருப்பவர் ஸ்காட்லாந்துத் தத்துவவாதி டேவிட் ஹியூம். ஒரு பில்லியர்ட்ஸ் பந்து இன்னொன்றின் மேல் மோதுகிறது. மோதியதைப் பார்த்தோம். இரண்டாவது பந்து நகர்ந்ததையும் பார்த்தோம். நகர்ந்தே ஆகவேண்டும் என்கிற அந்தக் கட்டாயத்தை எங்கே பார்த்தோம்? எங்கும் பார்க்கவில்லை, பழக்கத்தால் மனம் எதிர்பார்க்கிறது, அவ்வளவுதான் என்கிறார் ஹியூம். அறிவியல் முழுவதும் காரண காரியத்தின் மேல் நிற்கும்போது இது எவ்வளவு பெரிய அடி என்று யோசியுங்கள். ஹியூம்தான் தன்னைத் தூக்கத்திலிருந்து எழுப்பினார் என்று கான்ட்டே எழுதியிருக்கிறார்.

ஆகவே 1748இல் வந்த ஹியூமின் 'மனித அறிதல் பற்றிய விசாரணை' முதலில். அடுத்து கான்ட்டின் 'புரோலெகோமினா'. 1781இல் வந்த பெரிய நூல் யாருக்கும் புரியவில்லை என்ற பேச்சு எழுந்த பிறகு, 1783இல் அவரே எழுதிய சிறிய நூல் அது. பெரியது அதற்கப்புறம் இருக்கட்டும்.

கேள்வி: மேற்கு என்றால் தர்க்கம், கிழக்கு என்றால் ஆன்மிக அனுபவம். இப்படிப் பிரித்துக்கொண்டு படிப்பது சரிதானே?

பதில்: சரியில்லை. பலரும் இந்தப் பிரிவினையோடு வருகிறார்கள், அதனாலேயே நல்ல நூல்களைத் தவறவிடுகிறார்கள். தமிழில் படிக்கிற நமக்கு மறுப்பு கைக்கெட்டும் தூரத்திலேயே இருக்கிறது. மணிமேகலையின் 27ஆம் காதையை எடுத்துப் பாருங்கள். ஆண் துறவி வேடத்தில் வஞ்சி நகரில் ஒவ்வொரு சமயவாதியாகக் கேட்டு வருகிறாள் மணிமேகலை. அளவைவாதி எடுத்த எடுப்பில் பேசுவதே எது சரியான அறிவு, எதனால் அதை அறிகிறோம் என்பதைப் பற்றித்தான். கடைசியாகப் பேசுபவர் பூதவாதி, நிலம், நீர் போன்ற பூதங்களே எல்லாம் என்பவர். தாதகிப் பூவையும் வெல்லக் கட்டியையும் பிறவற்றையும் சேர்த்தால் கள்ளின் வெறி பிறப்பது போல, பூதங்கள் கூடினால் உணர்வு தோன்றும் என்கிறார் அவர். உயிர் என்று தனியாக ஒன்று வேண்டியதில்லை என்பது அவர் கட்சி. மூளையிலிருந்து உணர்வு எப்படி வருகிறது என்று இன்று நடக்கிற விவாதத்தின் ஒரு தரப்பு இது!

அவர் கண்கூடாகக் காண்பதை மட்டுமே ஒப்புக்கொள்பவர். மணிமேகலை சிரித்துவிட்டு ஒரே கேள்வி கேட்கிறாள். உன் தாய் தந்தையரை அனுமானத்தால் அல்லாமல் வேறு எப்படி அறிந்தாய்? இதைவிடச் சுருக்கமான தர்க்கம் எந்தத் திசையிலும் கிடைப்பது அரிது.

இன்னொன்று, இந்த நூல்கள் தங்கள் திசையோடு நின்றுவிடவும் இல்லை. முகலாய இளவரசர் தாரா ஷிகோ 1657இல் ஐம்பது உபநிடதங்களைப் பாரசீக மொழிக்குக் கொண்டுபோனார். அதிலிருந்து பிரெஞ்சு அறிஞர் ஆங்கெட்டில் துப்பரோன் செய்த லத்தீன் மொழிபெயர்ப்பு 1801, 1802இல் அச்சாயிற்று. அதைப் படித்துப் படித்து வாழ்ந்தவர் ஜெர்மன் தத்துவவாதி ஷோபன்ஹவர்.

கேள்வி: நாடகத்தில் நடிக்கிறேன். கலைத் தத்துவத்தில் எனக்கு உதவும் நூல் எது?

பதில்: உங்களுக்கு முதலில் தொல்காப்பியத்தின் மெய்ப்பாட்டியல். நடிக்கிறவர்களிடம் இதை வற்புறுத்தியே சொல்வேன். மெய்ப்பாடு என்பது உடலில் வெளிப்படும் உணர்ச்சி. எட்டு மெய்ப்பாடு, ஒவ்வொன்றுக்கும் நான்கு நிலைக்களன், அதாவது அது பிறக்கும் இடம். அழுகைக்கு இளிவு, இழவு, அசைவு (முன்பிருந்த நிலை கெடுவது), வறுமை. இழிவுபடுத்தப்பட்டவர் அழுவதும் இழந்தவர் அழுவதும் ஒன்றா? முன்னதில் முகம் தாழும், குரல் உள்ளே போகும். பின்னதில் கை எதையோ தேடும். ஒத்திகையில் நான்கையும் தனித்தனியாகச் செய்து பாருங்கள்.

அதற்கப்புறம் பரதரின் நாட்டிய சாத்திரத்தில் சுவை (ரசம்) பற்றிய ஆறாம் அத்தியாயம், அதற்கு அபிநவகுப்தர் எழுதிய உரை. மேடையில் உள்ள துயரம் நடிகருடையதா, பாத்திரத்துடையதா, பார்ப்பவருடையதா என்று கேட்டு, யாருக்கும் சொந்தமாகாமல் பொதுவாகிவிடுவதால்தான் அதைச் சுவைக்க முடிகிறது என்கிறார் அபிநவகுப்தர். பிளேட்டோ தன் 'குடியரசி'ல் கவிஞர்களை வெளியே அனுப்பியதையும், அரிஸ்டாட்டிலின் 'கவிதையியல்' துன்பியல் நாடகத்துக்காகப் பேசுவதையும் இதோடு சேர்த்து வைத்துப் படியுங்கள்.

கேள்வி: இந்த நூல்களில் பெண்கள் குரலே கேட்கவில்லையே அம்மா?

பதில்: கேட்கிறது, ஆனால் தேடிப்போக வேண்டியிருக்கிறது. அந்த வருத்தம் எனக்கும் உண்டு. பிருகதாரண்யக உபநிடதத்தில் யாக்ஞவல்கிய முனிவரைச் சபையில் விடாமல் கேள்வி கேட்பவர் கார்கி என்ற பெண். 1643இல் பிரெஞ்சுத் தத்துவவாதி டேக்கார்ட்டுக்குக் கடிதம் எழுதிய பொஹீமிய இளவரசி எலிசபெத், இடத்தை அடைக்காத ஆன்மா உடலை எப்படி அசைக்கும் என்று கேட்டார். டேக்கார்ட்டின் பதில்கள் அவருக்கு நிறைவு தரவில்லை. எனக்கும் தரவில்லை. டேக்கார்ட்டின் 'தியானங்க'ளை இந்தக் கடிதங்கள் இல்லாமல் படிக்காதீர்கள்.

கேள்வி: மொழிபெயர்ப்பை நம்பலாமா?

பதில்: நம்பலாம், ஆனால் ஒரே மொழிபெயர்ப்பை மட்டும் நம்பி இருக்கவேண்டாம். அரிஸ்டாட்டிலின் 'யூடைமோனியா' ஓரிடத்தில் மகிழ்ச்சி என்று இருக்கும், இன்னோரிடத்தில் நல்வாழ்வு என்று இருக்கும். இரண்டும் வெவ்வேறு நூல் போலவே ஆகிவிடும். முக்கியமான பத்திகளை இரண்டு மொழிபெயர்ப்பில் பாருங்கள்.

கேள்வி: படித்ததெல்லாம் ஒரு மாதத்தில் மறந்துவிடுகிறது. என்ன செய்வது?

பதில்: சுருக்கம் எழுதாதீர்கள். ஒரு நோட்டில் பக்கத்தை நடுவில் கோடு போட்டுப் பிரியுங்கள். இடது பக்கம் நூலாசிரியர் சொல்வதை உங்கள் வார்த்தையில் ஒரே வரியாக. வலது பக்கம் அதை ஏற்காத ஒருவர் என்ன கேட்பார் என்று. வலது பக்கம் காலியாக இருக்கிற அத்தியாயத்தைத் திரும்பப் படியுங்கள். என் நோட்டில் பௌத்தத் தத்துவவாதி நாகார்ச்சுனருக்கு நேரே வலது பக்கம் வெகுகாலம் காலியாகவே கிடந்தது.