எலும்புக்கூடு போட்ட சட்டை

வணக்கம். திருமங்கலத்தில் இருக்கிறேன், ஓய்வுபெற்ற இங்கிலீஷ் வாத்தியார். காலேஜ் படிக்கும் என் பேரனுக்கு எந்நேரமும் அயர்ன் மெய்டன் என்கிற இங்கிலீஷ் ஹெவி மெட்டல் குழுவின் பாட்டுதான். சட்டையில் எலும்புக்கூடு, சுவரிலும் அதே. எனக்கே பாதி வார்த்தை விளங்கவில்லை, அவனிடம் அர்த்தம் கேட்டால் முழிக்கிறான். புரியாத பாட்டுக்கு இத்தனை வெறியா, இல்லை வெறும் பந்தாவா?

(பெயர் வேண்டாம் என்று எழுதியிருக்கிறார்)

அன்புள்ள ஐயா,

அர்த்தம் தெரியாமல் ரசிப்பதைக் குறை சொல்ல மதுரைக்காரர்களான நமக்கு அவ்வளவு தகுதியில்லை. எம்.எஸ். பிறந்த ஊர். அவர் பாடிய தியாகராஜர் கீர்த்தனைகளுக்காக நம்மில் எத்தனை பேர் தெலுங்கு அகராதியைப் புரட்டினோம்?

அந்த எலும்புக்கூட்டின் பெயர் எடி. ஊர் எல்லையில் அரிவாளும் கையுமாக நிற்கும் கருப்பசாமியைப் பார்த்து வளர்ந்த பையனை அது ஒன்றும் செய்யாது.

நானும் அந்த வெறியில் இருந்தவன்தான். 2007 மார்ச்சில் அவர்கள் பெங்களூரு அரண்மனை மைதானத்துக்கு வந்தபோது, வீட்டில் இன்டர்வியூ என்று பொய் சொல்லிவிட்டு மாட்டுத்தாவணியில் ராத்திரி பஸ் ஏறினேன். அங்கே கூட்டம் பாட்டை மட்டுமா பாடியது, சொல்லே இல்லாத கிட்டார் மெட்டையும் ஓஓ என்று சேர்ந்து பாடியது, என் பக்கத்தில் நின்றவருக்கு எந்த மொழி என்றுகூட எனக்குத் தெரியாது.

இது 1975இல் கிழக்கு லண்டனில் ஸ்டீவ் ஹாரிஸ் ஆரம்பித்த குழு. பேஸ் கிட்டாரை அவர் விரலாலேயே வாசிப்பார், தாம்-தக தாம்-தக என்று குதிரை ஓடுகிற மாதிரி இருக்கும். உங்கள் பேரன் சாப்பாட்டுத் தட்டில் தட்டிக்கொண்டிருந்தால் பெரும்பாலும் அதுதான். அதற்கு மேலே இரண்டு கிட்டார்கள் ஒரே மெட்டை, ஒன்று ஸ பிடித்தால் மற்றது க பிடித்து, ஜோடியாகவே போகும். நம் கல்யாண வீட்டில் நாயனக்காரர்கள் இருவர் சேர்ந்து ஊதினாலும் ஒரே சுரத்தில்தானே ஊதுவார்கள், அதைக் கேட்டு வளர்ந்த காதுக்கு இது புதுசாக இருந்தது. அந்த இடத்தை மட்டும் ரீவைண்ட் செய்து செய்தே என் கேசட் சிக்கிப் போனது.

அப்புறம் வார்த்தை. 1984இல் வந்த அவர்களுடைய பாட்டு ஒன்று பதிமூன்று நிமிஷத்துக்கு மேல் ஓடும். கடற்பறவையைக் கொன்ற கிழ மாலுமியின் கதை, கோல்ரிட்ஜ் எழுதிய கவிதையில் வருவதேதான். வகுப்பில் அது நடந்தபோது தூங்கியவன், பாட்டைக் கேட்டபிறகு லைப்ரரியில் தேடி எடுத்துப் படித்தேன். நீங்களே அதை எத்தனையோ வருஷம் நடத்தியிருப்பீர்கள். பேரனை அந்தப் பாட்டைப் போடச் சொல்லி, கூடவே உட்கார்ந்து கேளுங்கள், அவன் முழிக்கிற இடத்தில் நீங்கள் சொல்லலாம்.

பந்தாவும் கொஞ்சம் இருக்கும், இல்லாமலா. சட்டையைத் துவைக்கும்போது மட்டும் உள்பக்கம் திருப்பிப் போடச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் பிரிண்ட் சீக்கிரம் உரிந்துவிடும்.