படத்தொகுப்பாளர் தன் கருத்தைச் சொல்லலாமா?

கேள்வி: உதவிப் படத்தொகுப்பாளராக வேலை பார்க்கிறேன். ஒரு காட்சி சரியாக வரவில்லை என்று தோன்றினாலும் இயக்குநரிடம் சொல்லத் தயக்கமாக இருக்கிறது. ‘சொன்னதை வெட்டி ஒட்டிக் கொடுத்தால் போதும்’ என்கிறார்கள் உடன் இருப்பவர்கள். ஜெர்மானிய இயக்குநர் வெர்னர் ஹெர்சாக்கின் படங்களைத் தொகுத்த பெண்மணி அவரிடமே கடுமையாகப் பேசுவார் என்று கேள்விப்பட்டேன். அவரைப் பற்றிச் சொல்லுங்கள். நான் வாய் திறக்கலாமா?
— பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: நீங்கள் கேள்விப்பட்டவர் பெயாட்டே மைன்கா-யெல்லிங்ஹவுஸ். 1936-இல் பிறந்த அவர், 1960-களில் மேற்கு ஜெர்மனியில் இளைய இயக்குநர்கள் பழைய வணிக சினிமாவை விட்டு விலகிப் படமெடுக்கத் தொடங்கிய காலத்தில் முன்னுக்கு வந்தவர். அலெக்ஸாண்டர் க்ளூகேயின் முதல் முழுநீளப் படமான ‘அப்ஷீட் ஃபான் கெஸ்டர்ன்’ (1966) அவர் தொகுத்ததுதான். வெனிஸ் திரைப்பட விழாவில் அது வெள்ளிச் சிங்கம் விருது பெற்றது. க்ளூகேயின் படங்களில் நடித்த காட்சிகளோடு பழைய புகைப்படங்களும், எழுத்து அட்டைகளும், பின்னணிக் குரலும் கலந்து வருவதால், எதற்கு அடுத்து எது என்று முடிவு செய்யும் மேசையிலேயே படத்தின் பெரும்பகுதி உருவாகிறது. அந்தப் பயிற்சியோடுதான் அவர் ஹெர்சாக்கின் முதல் முழுநீளப் படமான ‘சைன்ஸ் ஆஃப் லைஃப்’ (1968) வேலைக்கு வந்தார்.

ஹெர்சாக் பின்னாளில் சொன்ன சம்பவம் இது. அந்தப் படத்தின் ஒரு முழு ரீலை (படச்சுருளை) எந்திரத்தில் ஏற்றி வேகமாக ஓடவிட்டுப் பார்த்த பெயாட்டே, இது தேறாது என்று சொல்லி அதை அப்படியே குப்பையில் எறிந்துவிட்டாராம். திகைத்துப்போன ஹெர்சாக், சில வாரங்கள் கழித்து மற்றக் காட்சிகளோடு சேர்த்துப் பார்த்தபோது அவர் சொன்னதே சரி என்று உணர்ந்திருக்கிறார். அதன் பிறகு ‘அகிர்ரே’, ‘காஸ்பர் ஹவுசர்’, ‘நொஸ்ஃபெராட்டு’, 1982-இல் வந்த ‘ஃபிட்ஸ்கரால்டோ’ எனப் பல படங்களுக்கு அவரையே மீண்டும் மீண்டும் அழைத்தார். தான் தொகுத்த ஹெர்சாக் படங்களின் முதல் திரையிடலுக்கு வரக்கூட பெயாட்டே மறுப்பார் என்றும், ‘ஈவன் ட்வார்ஃப்ஸ் ஸ்டார்ட்டட் ஸ்மால்’ ஒன்றை மட்டும் மனதார விரும்பினார் என்றும் ஹெர்சாக்கே சொல்லியிருக்கிறார்.

ரீலை எறிந்த கதையை வைத்து அவரைக் கோபக்காரர் என்று மட்டும் எண்ணிவிடாதீர்கள். அவர் தொகுத்த இன்னொரு ஹெர்சாக் படமான ‘ஃபாத்தா மொர்கானா’வைப் பாருங்கள். வேற்றுக்கிரகவாசிகள் பூமியைப் பார்ப்பதாக ஒரு கதையை நினைத்துக்கொண்டு சஹாராவுக்குப் போன ஹெர்சாக், அங்கே அந்தக் கதையைக் கைவிட்டார். கையில் மிஞ்சியவை மணல், கானல், கைவிடப்பட்ட எந்திரங்கள், சில மனிதர்கள். படத்தின் தொடக்கத்தில் விமானம் தரையிறங்கும் காட்சி எட்டு முறை அடுத்தடுத்து வருகிறது. வெயில் ஏற ஏறக் காற்று நெளிந்து, விமானமே கானலாகக் கரைகிறது. கதை என்ற பிடிமானமே இல்லாத இடத்தில் இந்த எட்டையும் விடாமல் வைத்திருக்கத் துணிவு வேண்டும், பொறுமையும் வேண்டும். பயனற்றதைத் தூக்கி எறிந்த அதே கண்தான், மற்றவர்கள் அலுப்பு என்று வெட்டியிருக்கக்கூடிய காட்சிகளுக்கு இடம் கொடுத்திருக்கிறது என்பது என் உறுதியான எண்ணம். அவருடைய கடுமையை நான் மதிப்பதும் இதனால்தான்.

ஆகவே, தாராளமாகப் பேசுங்கள். ஆனால் ரீலை எறிவது போன்ற செய்கை வேண்டாம். உதவியாளராக இருக்கும் நீங்கள் முதலில் உங்கள் படத்தொகுப்பாளரிடம் சொல்வதே முறை. எடுத்த ஃபுட்டேஜ் முழுவதையும் பார்த்து முடித்த பிறகு, ‘இந்தக் காட்சி நன்றாக இல்லை’ என்று பொதுவாகச் சொல்லாமல், எந்த ஷாட்டில் எந்த இடத்தில் தளர்கிறது என்று காட்டுங்கள். அனுமதி கேட்டுக்கொண்டு, நீங்கள் நினைக்கும் விதத்தில் அந்தக் காட்சியைத் தனியாக வெட்டிப் பழைய வடிவத்துக்குப் பக்கத்தில் வையுங்கள். இயக்குநர் உடனே ஏற்காவிட்டால் மனம் ஒடிய வேண்டாம். ஹெர்சாக்குக்கே சில வாரங்கள் தேவைப்பட்டன.

ஒருபோதும் காது கொடுக்காத இயக்குநர்களும் உண்டு. பெயாட்டே எந்த ஒருவரையும் மட்டும் நம்பி இருக்கவில்லை. ஹெர்சாக்கோடு பணியாற்றிய அதே ஆண்டுகளில் க்ளூகேயின் படங்களையும் தொகுத்தார். இப்போதைய படத்தைக் குறையில்லாமல் முடித்துக் கொடுங்கள்; அதற்குள் இன்னொரு படத்தொகுப்பாளரிடமும் வேலை கேட்டு வையுங்கள்.